வாசலில் நிற்கும் வினாத்தாள்

காலை பதினோரு மணி. ஆடவர் வேலைக்கும் பிள்ளைகள் பள்ளிக்கும் சென்றுவிட்டனர். வீட்டில் தனித்திருக்கும் அம்மையாரிடம், கையில் வினாத்தாளுடன் ஒருவர் வந்து நிற்கிறார். குடும்பத்தில் எத்தனை பேர், யாருக்குச் சர்க்கரை வியாதி, மருந்துக்கு மாதம் என்ன செலவு என்று அடுக்கடுக்காகக் கேட்கிறார். கன்னடம் பாதி, தமிழ் பாதியாக விடை வருகிறது. அரைமணி நேரத்தில் அவர் போய்விடுகிறார். எழுதிக்கொண்டு போனது என்னவாயிற்று என்று அம்மையாருக்கு எவரும் வந்து சொல்வதில்லை.

பிழைப்பை நாடிப் பெங்களூருக்கு வந்த நம்மவர் இல்லங்களுக்கு இது புதிய காட்சியன்று. ரேஷன் கார்டு பறிபோகுமோ, குடிசையைக் காலி செய்யச் சொல்வார்களோ என்ற அச்சத்தால் வருமானத்தைக் கூட்டியோ குறைத்தோ சொல்பவரும் உண்டு. அவர்களை எவ்வாறு குறை கூறுவது?

மக்களைக் கேளாமலே மக்களைப் பற்றி முடிவு கட்டுவது அறிஞர்க்குப் பழைய வழக்கம். அவ்வழக்கத்தை அசைத்த ஆய்வொன்று இந்நகரிலிருந்தே புறப்பட்டது. பெல்லாரி சாலையிலுள்ள தேசியக் காசநோய் நிறுவனம் 1959-ல் அமைக்கப்பட்டது. கிராமத்தார் இருமலைப் பொருட்படுத்தார். எக்ஸ்ரே வண்டியுடன் நாமே தேடிச் சென்றாலன்றி நோயாளி அகப்படமாட்டார் என நிபுணர் பலர் எண்ணியிருந்த காலம் அது. அந்நிறுவனத்தைச் சேர்ந்த டெபாபர் பானர்ஜியும் ஸ்டிக் ஆண்டர்சனும் தும்கூர் மாவட்டத்தில் நோயுற்றோரையே அணுகி விசாரித்தனர். அம்முடிவுகள் 1963-ல் வெளியாயின. சளியில் கிருமி காணப்பட்டவர்களில் மிகப் பெரும்பாலோர் தம் உடலில் ஏதோ கோளாறு இருப்பதை உணர்ந்தே இருந்தனர். ஏறத்தாழப் பாதிப்பேர் மருத்துவ நிலையத்தின் படியும் ஏறியிருந்தனர். அங்கே பலருக்குக் கிடைத்தது ஒரு புட்டி இருமல் மருந்து! அறியாமை குடிசையில் இல்லை, மருந்தகத்தில் இருந்தது. சாதாரண மருத்துவ நிலையங்களிலேயே சளியைச் சோதித்து மருந்து வழங்கும் தேசியத் திட்டம் 1962-ல் உருவானபோது, இவ்வுண்மை அதன் அடிப்படைகளில் ஒன்றாயிற்று.

ஆயினும் அங்கும் கேள்வி அறிஞருடையது. விடை மட்டுமே கிராமத்தாருடையது. அதற்கு அடுத்த படியைக் காணக் காடுகொண்டனஹள்ளிக்கு, அதாவது நாம் கே.ஜி. ஹள்ளி என்று சொல்லும் பகுதிக்குச் செல்ல வேண்டும். பெங்களூரிலுள்ள பொதுச் சுகாதார நிறுவனம் 2009-ல் அங்கே பணி தொடங்கியது. அவ்வட்டாரத்துப் பெண்கள் சிலர் சமுதாய நல உதவியாளராகப் பயிற்சி பெற்றனர். 9,299 குடும்பங்களின் கணக்கு எடுக்கப்பட்டது. அவற்றுள் நாட்பட்ட நோயுள்ள 3,202 குடும்பங்களை ஆராய்ந்து 2012-ல் கட்டுரை வெளியிட்டனர். நூற்றுக்கு 16 குடும்பங்கள் தம் வருமானத்தில் பத்தில் ஒரு பங்குக்கு மேல் புறநோயாளிச் சிகிச்சைக்கே செலவிட்டன. ஒரே மாதத்தில், வறுமைக் கோட்டிற்குக் கீழிருந்தோர் தொகையை இச்செலவு இரு மடங்காக்கியது. இது படுக்கையில் கிடந்து செய்த செலவன்று. மாத்திரைக்கும் பரிசோதனைக்கும் சிறுகச் சிறுகக் கைவிட்டுப் போன பணம். கணக்கெடுத்ததோடு ஆய்வாளர் புறப்பட்டுவிடவும் இல்லை. சர்க்கரை வியாதிக்காரர் படும் இடர்களை அவர்கள் வாய்மொழியாகவே கேட்டு, அப்பகுதிச் சிகிச்சையைச் சீர்செய்யும் முயற்சியிலும் பின்னர் இறங்கினர்.

அண்டை வீட்டுப் பெண் கேட்டால் அச்சம் குறையும் என்பது உண்மை. ஆனால் இதற்கு மறுபக்கமும் உண்டு. கல்யாணத்திற்குப் பெண் இருக்கும் வீட்டில் காசநோய் என்றால், அதை அதே தெருவில் குடியிருப்பவளிடம் எந்தத் தாய் சொல்வாள்? முன்பின் அறியாத ஒருவரிடம் ஒருவேளை சொல்லலாம். எதை அண்டையார் கேட்பது, எதைப் பிறர் கேட்பது என்பதை அத்தெருவாரே முன்கூட்டி முடிவு செய்ய இடம் வேண்டும். இன்னொன்று, நம் பெண்களுக்குச் சிறு கூலி கொடுத்துப் படிவத்தை நிரப்பச் செய்வதைப் 'பங்காளித்துவம்' என்று அழைப்பது பெயரளவில்தான் அழகு. என்ன கேட்பது என்பதை வகுக்கும் இடத்திலும், கிடைத்த முடிவை எங்கே கொண்டுபோய்ச் சொல்வது என்று யோசிக்கும் இடத்திலும் அவர்களுக்கு நாற்காலி போடப்பட்டதா என்பதே கேள்வி.

இவை வெறும் ஆசைகளல்ல. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 2017-ல் வெளியிட்ட நெறிமுறைகள், ஆய்வில் சேருவோருக்கு விளங்கும் மொழியிலேயே விவரம் தரப்பட வேண்டும் என்கின்றன. ஆகவே தமிழில் விளக்குங்கள் என்று கேட்பது உரிமை; கன்னட நாட்டில் இருந்துகொண்டு அப்படிக் கேட்பது தகுமா என்று கூச வேண்டியதில்லை. நடுவில் விலகிக்கொள்ளலாம், அதனால் மருத்துவ வசதி ஏதும் குறையக் கூடாது. ஆய்வுகளுக்கு அனுமதி தரும் நெறிமுறைக் குழுவில், மருத்துவம் கல்லாத பொதுமக்களில் ஒருவரும் அமர்ந்திருக்க வேண்டும். நம் சங்கத்து ஓய்வு பெற்ற ஆசிரியர்களும், தெருவின் நிலையறிந்த தாய்மாரும் அவ்விடத்திற்குப் பொருத்தமானவர்களே.

அடுத்த முறை வினாத்தாள் வாசலுக்கு வரும்போது உள்ளே அழைத்து உட்கார வையுங்கள். முடிவை எப்போது வந்து சொல்வீர்கள் என்று கேளுங்கள். விவரத் தாளின் பிரதி ஒன்று உங்களுக்கு உரியது. ஐயம் வந்தால் யாரைக் கேட்பது என்பதும் அதில் எழுதியிருக்கும். அதை ரேஷன் கார்டு இருக்கும் பெட்டியிலேயே வைத்துக்கொள்ளலாம்.