ஒரே மயக்கம்... மூன்று எண்கள்!

"டாக்டர், இடுப்புப் பிடிப்புக்கு மாத்திரை போட்டேன். வலி விட்டுடுச்சு. ஆனா தலை கிர்ருனு சுத்துது!"

வாத நோய்க்கு வைத்தியம் பார்க்க வருகிறவர்கள் பலர் இப்படிச் சொல்வதுண்டு. விசாரித்தால், அது தசைத் தளர்ச்சி மாத்திரையாக இருக்கும். டிசானிடின், குளோர்சாக்ஸசோன், பாக்லோஃபென் எல்லாம் இந்த ரகம். சில சமயம் வலி மாத்திரையோடு சேர்ந்து ஒரே மாத்திரையாகவும் வரும். இவை மூளை, தண்டுவடம் வழியாக வேலை செய்து, இறுகிய தசையை இளக்குகின்றன. அதனால்தான் தூக்கமும் தலைசுற்றலும் கூடவே வருகின்றன. டிசானிடின் ரத்த அழுத்தத்தையும் இறக்கிவிடும்.

சரி, இந்த மயக்கத்துக்கு யார் பொறுப்பு? மருந்தா, நாமா? இதைப் பிரித்துச் சொல்ல மருத்துவ உலகில் ஒரு எண் கணக்கு இருக்கிறது. அதுதான் மெடிக்கல் கோடிங். நம் ஊர்ப் பிள்ளைகள் நிறையப் பேர் அமெரிக்க ஆஸ்பத்திரிகளுக்காக இந்த வேலையைத்தான் செய்கிறார்கள். அங்கே 2015 அக்டோபர் முதல் நடைமுறையில் உள்ள ஐ.சி.டி.-10 பட்டியலில், மேலே சொன்ன மாத்திரைகள் 'டி 42.8' என்ற பிரிவில் வருகின்றன. ஆபரேஷனின்போது மயக்க மருந்து டாக்டர் போடும் தசைத் தளர்ச்சி ஊசிகளுக்கு 'டி 48.1'. இந்த எண்ணுக்குப் பின்னால் வரும் இன்னொரு இலக்கம்தான் கதையைச் சொல்கிறது.

அறுபத்தைந்து வயது அம்மா ஒருவர் டிசானிடின் சாப்பிட்டுவிட்டு மயங்கி விழுந்தார் என்று வைத்துக்கொள்வோம்.

எண் 5: பக்க விளைவு

டாக்டர் எழுதிய மாத்திரை, சொன்ன அளவு, சொன்ன வேளை. அப்படியும் ரத்த அழுத்தம் இறங்கி விழுந்தார் என்றால் 5. யார் மேலும் தப்பில்லை. முதலில் விளைவை எழுதி, அதன் பிறகுதான் மருந்தின் எண்ணைப் போடுவார்கள்.

எண் 1: தவறி நேர்ந்த நச்சு

"ஒண்ணுல கேக்கலை, ரெண்டா போட்டுக்கிட்டேன்" என்றாலோ, பக்கத்து வீட்டுக்காரரின் மாத்திரையை வாங்கிப் போட்டிருந்தாலோ 1. ஒழுங்காக மாத்திரை சாப்பிட்ட ஒருவர் கூடவே மது குடித்து மயங்கினாலும் இதே எண்தான். டாக்டரைக் கேட்காமல் தாமாகச் சேர்த்துக்கொண்ட மருந்து முன்னதோடு மோதினாலும் இதுதான். சிப்ரோஃப்ளாக்ஸசினை எடுத்துக்கொள்ளுங்கள். டிசானிடினை ஈரல் கழிக்கவிடாமல் அது தடுப்பதால், ரத்தத்தில் டிசானிடின் பல மடங்கு ஏறிவிடும். இரண்டையும் சேர்த்துக் கொடுக்கவே கூடாது. மருந்துக் கடையில் தானாக வாங்கியது என்றால், பட்டியல் அதை நச்சு என்றுதான் சொல்லும். (வேண்டுமென்றே தனக்குச் செய்துகொண்டால் 2, பிறர் கொடுத்தால் 3, நோக்கம் எதுவென்று தீர்மானிக்க முடியவில்லை என்று பதிவில் இருந்தால் 4.)

எண் 6: குறைவாகச் சாப்பிட்டது

குறைத்துச் சாப்பிட்டாலும் ஆபத்தா என்று கேட்பீர்கள். பக்கவாதத்துக்குப் பிறகு கைகால் விறைப்புக்கு பாக்லோஃபென் சாப்பிடுகிறவர், "இப்ப பரவாயில்லை" என்று திடீரென்று நிறுத்தினால் விறைப்பு முன்னைவிட அதிகமாகலாம். இல்லாதது கண்ணுக்குத் தெரியலாம். வலிப்பே வரலாம். கொஞ்சம் கொஞ்சமாகத்தான் குறைக்க வேண்டும், அதுவும் டாக்டர் சொல்படி. இதில் மனசைத் தொடும் விஷயம் ஒன்று. கையில் காசில்லாமல் மருந்தைக் குறைத்துக்கொண்டவருக்கென்றே தனியாக ஒரு எண் இருக்கிறது: இசட் 91.120. வறுமையும் ஒரு காரணம் என்று அந்தப் பட்டியல் ஒப்புக்கொள்கிறது.

நமக்கு என்ன இதில்?

நீங்கள் சொல்வதை டாக்டர் எழுதுகிறார். டாக்டர் எழுதியதைக் கோடர் எண்ணாக்குகிறார். கோடர் தானாக ஊகிக்கக் கூடாது. ராத்திரி இரண்டு மாத்திரை போட்டதை நீங்கள் மறைத்தால், பழி மருந்தின் தலையில் விழும். அதைவிட முக்கியம், உங்களுக்குத் தரும் சிகிச்சையும் திசை மாறிப்போகும்.

எங்கள் சித்த மருத்துவத்தில் அளவு, வேளை, அனுபானம், பத்தியம் என்று அடுக்கிச் சொல்வது இதற்காகத்தான். 2024 ஜனவரியில் டெல்லியில், உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி.-11 பட்டியலில் ஆயுர்வேதம், சித்தா, யுனானி நோய்ப் பெயர்களுக்கும் எண்கள் வெளியிடப்பட்டன. ஆகவே இங்கிலீஷ் மாத்திரை சாப்பிடுவதைச் சித்த வைத்தியரிடமும், கஷாயம் குடிப்பதை அலோபதி டாக்டரிடமும் மறைக்காதீர்கள்.

கவனியுங்கள்:

* இந்த மாத்திரை போட்டுக்கொண்டு வண்டி ஓட்ட வேண்டாம். மது கூடவே கூடாது.
* வயதானவர்கள் படுக்கையிலிருந்து சட்டென்று எழாமல், சற்று உட்கார்ந்து எழ வேண்டும்.
* சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் அதை முதலிலேயே சொல்லிவிடுங்கள். பாக்லோஃபென் உடலில் தேங்கி நினைவு தடுமாறலாம்.
* பழைய சீட்டைக் காட்டி மறுபடி வாங்காதீர்கள்.
* எழுப்பினாலும் எழாத தூக்கம், மூச்சுத் திணறல், வலிப்பு என்றால் உடனே ஆஸ்பத்திரிதான். போகும்போது மாத்திரை அட்டையையும் எடுத்துப் போங்கள்.
* பக்க விளைவு என்று சந்தேகப்பட்டால், மத்திய அரசின் மருந்துக் கண்காணிப்புத் திட்டத்துக்கு நீங்களே தெரிவிக்கலாம். கட்டணமில்லாத் தொலைபேசி: 1800-180-3024.

அட்டையில் எத்தனை மாத்திரை குறைந்திருக்கிறது என்று எண்ணி வைத்துக்கொள்ளுங்கள். டாக்டர் முதலில் கேட்பது அதைத்தான்!