ஒரே மோட்டார், ரெண்டு சம்பளம்

போன லீவுல இன்-பிளான்ட் டிரெய்னிங்குக்காக ஒரு அரசு நீரேற்று நிலையத்துக்குப் போயிருந்தேன். அங்கே ரெண்டு பம்ப் ஆபரேட்டர்கள். ஒருத்தர் பகல் ஷிப்ட், இன்னொருத்தர் இரவு ஷிப்ட். வாரா வாரம் மாறிக்குவாங்க. அதே மோட்டார், அதே பேனல், அதே லாக் புக். ஆனா ஒருத்தருக்கு மாதச் சம்பளம், இன்னொருத்தருக்கு நாள் கூலி.

"எத்தனை வருஷமா அண்ணா இங்க இருக்கீங்க?" என்று நாள் கூலிக்காரரிடம் கேட்டேன்.

"பதினோரு வருஷம் தம்பி. என்ன பண்றது, டெம்பரரி. சம்பளத்தைப் பத்தி எல்லாம் கேட்க முடியாது."

உண்மையிலேயே கேட்க முடியாதா? தேடிப் படித்தேன். கேட்க முடியும்.

சட்டம் என்ன சொல்லுது?

சம வேலைக்குச் சம ஊதியம் என்பது நம் அரசியலமைப்பின் 39வது பிரிவில் இருக்கிறது. ஆனால் அது அரசுக்கான வழிகாட்டு நெறிதான். அதை மட்டும் வைத்து வழக்குப் போட முடியாது. 1982ல் டில்லி போலீஸ் டிரைவர் ஒருவரின் வழக்கில், உச்ச நீதிமன்றம் அதை சமத்துவ உரிமையோடு சேர்த்துப் படித்து, நீதிமன்றத்தில் கேட்டுப் பெறும் உரிமையாக்கியது. 1986ல் மத்திய பொதுப்பணித் துறையின் தினக்கூலிகளுக்கும் இது பொருந்தும் என்றது.

முக்கியமான தீர்ப்பு 2016 அக்டோபர் 26ல் வந்தது: பஞ்சாப் அரசு எதிர் ஜக்ஜித் சிங். நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைத் தற்காலிக ஊழியர் செய்தால், அந்தப் பதவியின் ஊதிய விகிதத்தில் குறைந்தபட்சத் தொகையைத் தர வேண்டும். "சம்மதிச்சுத்தானே சேர்ந்தார்?" என்ற வாதமும் எடுபடாது. குறைந்த கூலிக்கு யாரும் விரும்பி வருவதில்லை, குடும்பத்துக்குச் சோறு போடத்தான் வருகிறார்கள் என்று நீதிமன்றமே சொல்லிவிட்டது.

ஒரு சின்னக் கணக்கு

மத்திய அரசின் 1988 ஜூன் 7 உத்தரவுப்படி, வேலை ஒன்றாக இருந்தால் எட்டு மணி நேர வேலைக்கு நாள் கூலி = (குறைந்தபட்ச அடிப்படை ஊதியம் + அகவிலைப்படி) ÷ 30. ஏழாவது ஊதியக் குழுவில் கடைநிலை அடிப்படை ஊதியம் 18,000 ரூபாய். 2024 ஜனவரியில் அகவிலைப்படி 50 சதவீதம், அதாவது 9,000. ஆக 27,000 ÷ 30 = 900 ரூபாய். மாநில அரசு என்றால் அந்த மாநில ஊதிய விகிதத்தைப் போட்டுப் பாருங்கள்.

எது கிடைக்காது?

பணி நிரந்தரம் வேற, சம ஊதியம் வேற. பல வருஷம் வேலை பார்த்தாலே நிரந்தரம் ஆகிவிடாது என்பது 2006 உமாதேவி தீர்ப்பு. 2016 தீர்ப்பு தருவது ஊதிய விகிதத்தின் தொடக்கத் தொகையைத்தான். வேலை ஒன்றாக இல்லையென்றால் குறைந்தபட்சக் கூலிதான் அளவுகோல். அதற்கும் கீழே கொடுத்தால் அது கட்டாய உழைப்புக்குச் சமம் என்று 1982 ஆசிய விளையாட்டுப் போட்டித் தொழிலாளர் வழக்கிலேயே சொல்லியாச்சு.

யார் நிரூபிக்கணும்?

சிக்கல் இங்கேதான். பதவிப் பெயர் ஒன்றாக இருந்தால் மட்டும் போதாது. வேலை, பொறுப்பு, தகுதி எல்லாம் சமம் என்று தொழிலாளிதான் காட்ட வேண்டும். டூட்டி லிஸ்ட், மஸ்டர் ரோல், வேலை உத்தரவு எல்லாம் சாட்சி. கையில் இல்லாவிட்டால் 10 ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமைச் சட்டப்படி நகல் கேட்கலாம். தனியாகக் கேட்டால் "நாளைக்கு வராதே" என்று சொல்லிவிடுவார்களோ என்ற பயம் நியாயமானது. அதனால் சங்கமாகச் சேர்ந்து கேட்பது நல்லது.

இதையெல்லாம் அந்த அண்ணனுக்குப் போன் பண்ணிச் சொன்னேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம் சொன்னார்:

"பழைய லாக் புக் எல்லாம் ஸ்டோர் ரூம்ல கட்டுக் கட்டாக் கிடக்கு தம்பி. மணிக்கு ஒரு ரீடிங். என் ஷிப்ட்ல எல்லாத்துலயும் என் கையெழுத்துதான்."