கைப்பற்றுதலும் பறிமுதலும்

கல்குவாரியிலிருந்து புறப்படும் ஒவ்வொரு லாரியிலும், ஏற்றியிருப்பது இன்ன கனிமம், இத்தனை அளவு, இன்ன நேரத்துக்குள் இன்ன ஊருக்குச் செல்கிறது என்று விவரம் கூறும் நடைச்சீட்டு இருக்க வேண்டும். அச்சீட்டு இல்லாமற்போனாலும், அதிற்கண்ட அளவுக்கு மேல் பாரம் ஏறியிருந்தாலும், வழியில் டயர் வெடித்து நின்ற வண்டி நேரம் கடந்தபின் சோதனையில் அகப்பட்டாலும், அது காவல் நிலையத்து வேப்பமரத்தடியில் போய் நின்றுவிடுகிறது. வண்டி நின்றாலும் அதன் கடன் தவணை நிற்பதில்லை.

மணல் போன ஆற்றங்கரையில் கிணறுகள் வற்றுவதைக் கண்டவர் எவரும் மணற்கொள்ளைக்காரருக்காக இரங்கமாட்டார், நானும் இரங்கவில்லை. ஆயினும், குற்றம் நிரூபணமாகுமுன்னரே ஒரு குடும்பத்தின் ஜீவனோபாயம் துருப்பிடித்து அழிவது நியாயமாகாது என்பதே என் அபிப்பிராயம்.

பத்திரிகைகள் கைப்பற்றுதல், பறிமுதல் இரண்டையும் ‘பறிமுதல்’ என்றே எழுதிவிடுகின்றன. ஆனால் கைப்பற்றுதல் என்பது விசாரணைக்காக வண்டியைத் தடுத்து வைப்பது மாத்திரமே. பறிமுதல் என்பதோ உடைமை உரிமையே சர்க்காருக்குப் போய்விடுவது. 1957-ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டத்தின் 21-ஆம் பிரிவு, பிரத்தியேகமாக அதிகாரம் பெற்ற அலுவலருக்கு முன்னதைத் தந்து, பின்னதை நீதிமன்றத்தின் உத்தரவுக்கு விட்டிருக்கிறது. முன்னதற்கும் பின்னதற்கும் இடையிலுள்ள காலமே உரிமையாளர் செயற்பட வேண்டிய காலம்.

அவர் முதலில் அறிய வேண்டியது, வண்டி எந்தச் சட்டத்தின்கீழ்ப் பிடிபட்டிருக்கிறது என்பதை. கனிமச் சட்டத்தோடு திருட்டுக் குற்றத்தையும் சேர்த்துப் போலீசார் வழக்குப் பதியலாம் என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருப்பதால், பல வழக்குகளில் இரண்டும் பின்னிக் கிடக்கும். ஆகவே முதல் தகவல் அறிக்கையின் நகலையும், கைப்பற்றிய மகஜரின் நகலையும் தாமதமின்றிப் பெறுவது அவசியம். டயர்கள், பாட்டரி, ஸ்டெப்னி, ஜாக்கி, தார்ப்பாய் யாவும் அந்த மகஜரில் எழுதப்பட்டிருக்கின்றனவா என்பதையும் அப்போதே பார்த்துக்கொள்ள வேண்டும்.

அடுத்தது, வாகனத்தை இடைக்காலமாகத் திருப்பித் தரக் கோரும் மனு. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451, 457 பிரிவுகளின் ஸ்தானத்தில், 2024 ஜூலை முதல் தேதியிலிருந்து பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497, 503 பிரிவுகள் வந்திருக்கின்றன. கனிம வழக்குகளுக்கென்று சிறப்பு நீதிமன்றம் நியமிக்கப்பட்டுள்ள மாவட்டமானால், மனு அங்கே போக வேண்டுமா என்பதை வழக்கறிஞரிடம் தெளிந்துகொள்வது நலம். தவறான வாசலில் காத்திருந்த நாட்களை எவரும் திருப்பித் தரப்போவதில்லை. பதிவுச் சான்று, காப்பீடு, பர்மிட், தகுதிச் சான்று, நடைச்சீட்டு ஆகியவை மனுவோடு இணைய வேண்டும். ஓட்டுநர் தமக்குத் தெரியாமல் தவறிழைத்தார் என்று உரிமையாளர் சொல்வாரானால், அதற்குரிய பிரமாணத்தையும் அவரே காட்ட வேண்டும்.

வாகனங்களைக் காவல் நிலையங்களில் நெடுநாள் நிறுத்தி வைப்பதால் பயனில்லை என்றும், புகைப்படமும் பிணைமுறியும் பெற்றுக்கொண்டு விடுவிக்கலாம் என்றும் 2002-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. பொருளைப் பற்றிய விவர அறிக்கையைப் பதினான்கு நாட்களுக்குள் நீதிமன்றம் தயாரிக்க வேண்டுமென்று இன்றைய 497-ஆம் பிரிவே சொல்கிறது. எனினும் மணல் விஷயத்தில் நீதிமன்றங்கள் கடுமையாகவே பார்க்கின்றன. 2018 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, மணல் கடத்தலில் பிடிபட்ட வண்டிகளை விடுவிக்கலாகாது என்றே ஆணையிட்டது. ஆகையால் விடுதலை கிடைப்பது நிச்சயம் என்று எவரேனும் வாக்களித்தால், அதை நம்பிப் பணம் கொடுத்தல் கூடாது.

அபராதம் கட்டிவிட்டால் யாவும் முடிந்தது என்ற எண்ணமும் பரவலாக இருக்கிறது. 23-ஏ பிரிவின்படி உரிய தொகை செலுத்திக் கனிமச் சட்டக் குற்றத்தை இணக்கமாகத் தீர்த்துக்கொள்ள இயலுமாயினும், திருட்டு வழக்கு அதனால் மறைவதில்லை என்று 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியிருக்கிறது.

மனு ஏற்கப்படுமாயின், பிணைமுறி எழுதித் தருதல், ஜாமீன்தாரரை நிறுத்துதல், வண்டியை விற்காமலும் உருமாற்றாமலும் வைத்திருந்து அழைக்கும்போது கொண்டுவந்து காட்டுதல் போன்ற நிபந்தனைகள் விதிக்கப்படும். உத்தரவோடு நிலையத்துக்குச் செல்பவர், திரும்பப் பெறும் மகிழ்ச்சியில் உடனே கையொப்பமிட்டுவிடாமல், பழைய மகஜரைக் கையில் பிடித்துக்கொண்டு வண்டியைச் சுற்றி ஒருமுறை நிதானமாக நடந்து, ஸ்டெப்னி முதலாக ஒவ்வொன்றையும் சரிபார்த்த பிறகே கையெழுத்திட வேண்டும்.