பெயர் மாறினால் உரிமை மாறுமா? நிலப் பதிவேடும் நீதிமன்றமும்

புது தில்லி: பணம் கொடுத்து நிலம் வாங்கியாயிற்று, பத்திரமும் பதிவாகிவிட்டது. ஆனால், வருவாய்த் துறைப் பதிவேட்டில் விற்றவரின் பாட்டனார் பெயரே நீடிக்கிறது. விற்றவரின் சகோதரர்கள் ஆட்சேபம் தெரிவித்ததால் பெயரை மாற்ற இயலாது என அதிகாரி கூறிவிடுகிறார். வட மாநிலங்களில் நிலம் வாங்கியவர்கள் பலர் சந்திக்கும் சிக்கல் இது.

தமிழகத்தில் பட்டா மாறுதல் எனப்படும் நடைமுறை வட மாநிலங்களில் "தாகில் காரிஜ்' என அழைக்கப்படுகிறது. ஒரு பெயரைச் சேர்த்து மற்றொன்றை நீக்குதல் என்பது இதன் பொருள்.

பிகார் வழக்கு

பிகாரில் இப்பதிவேட்டுக்கு "ஜமாபந்தி' என்று பெயர். தலைமுறைகள் மாறியும், குடும்பத்துக்குள் வாய்மொழியாகப் பாகம் பிரித்துக்கொண்டதால், இறந்தவர்களின் பெயரிலேயே பல நிலங்கள் உள்ளன. தகராறுகளைக் குறைக்கும் நோக்கில், 2019-ல் அம்மாநில அரசு பதிவு விதிகளைத் திருத்தியது. விற்பவர் அல்லது தானமளிப்பவர் பெயரில் ஜமாபந்தி இருந்தால் மட்டுமே பத்திரம் பதிவாகும் என்றானது.

பாட்னா உயர் நீதிமன்றம் 2024-ல் இவ்விதியை ஏற்றது. ஆனால், உச்ச நீதிமன்றம் 2025 நவம்பர் 7-ல் அதனை ரத்து செய்தது. பெயர் மாற்றப் பணியும் நில அளவையும் முடிவடையாத நிலையில், அந்தச் சான்றைக் கட்டாயமாக்குவது சொத்தை விற்கும் உரிமையையே முடக்கிவிடும் என்பது தீர்ப்பின் சாரம். நில ஆவணங்களுக்கு "பிளாக்செயின்' தொழில்நுட்பத்தைப் பயன்படுத்துவது குறித்து ஆராயுமாறு சட்ட ஆணையத்தையும் நீதிமன்றம் கேட்டுக்கொண்டது.

முன்னதாக 2025 ஏப்ரலில், தமிழகப் பதிவு விதிகளில் மூல ஆவணத்தை வலியுறுத்திய 55ஏ(1) பிரிவும் செல்லாது என அறிவிக்கப்பட்டது. விற்பவரின் உரிமையைப் பதிவு அதிகாரி ஆராய இயலாது என்பதே இரண்டு தீர்ப்புகளின் அடிப்படை.

விற்பவருக்கு இது நிம்மதி. வாங்குபவருக்கோ பொறுப்பு கூடுகிறது. 1908-ம் ஆண்டின் பதிவுச் சட்டப்படி பதிவாவது பரிவர்த்தனையே. விற்றவருக்கு உரிமை இருந்தது என்பதற்கு அரசு உத்தரவாதம் அளிப்பதில்லை.

எந்தக் கதவைத் தட்டுவது?

பெயர் மாற்ற விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டால், பிகாரில் 2011-ம் ஆண்டுச் சட்டப்படி வட்ட அதிகாரியின் உத்தரவை எதிர்த்து நிலச் சீர்திருத்தத் துணை ஆட்சியரிடம் மேல்முறையீடு செய்யலாம். ஆனால், தகராறு உரிமை பற்றியதானால் வருவாய் அதிகாரிகளால் அதற்குத் தீர்வளிக்க முடியாது. பதிவேட்டில் பெயர் இருப்பது நில வரி வசூலுக்கானது மட்டுமே. அதனால் உரிமை பிறப்பதுமில்லை, பறிபோவதுமில்லை என உச்ச நீதிமன்றம் பலமுறை கூறியுள்ளது. மத்தியப் பிரதேசத்தைச் சேர்ந்த வழக்கொன்றில், 2021 செப்டம்பரில் இதனை மீண்டும் வலியுறுத்தியது. உரிமையியல் நீதிமன்றத்தில் உரிமையை நிலைநாட்டிய பின், அத்தீர்ப்பின்படி பதிவேட்டைத் திருத்திக்கொள்ளலாம்.

கூட்டுச் சொத்தில் ஒருவர் பங்கை மட்டும் வாங்கியவர், சொத்து மாற்றுச் சட்டத்தின் 44-வது பிரிவின்படி அவரது இடத்தில் நின்று பாகப்பிரிவினை கோரலாம். குறிப்பிட்ட மனை தனக்கே என உரிமை கொண்டாட இயலாது. வழக்கு நிலுவையில் இருக்கும்போது வாங்கியவரை, 52-வது பிரிவின்படி அவ்வழக்கின் தீர்ப்பு கட்டுப்படுத்தும்.

அப்படியெனில் பெயர் மாற்றத்தை அலட்சியம் செய்யலாமா? கூடாது. விவசாயக் கடனுக்கும், பிரதமரின் விவசாயிகள் நிதியுதவிக்கும் பதிவேட்டுப் பெயர் தேவைப்படுகிறது. அரசு நிலத்தைக் கையகப்படுத்தும்போது, முதலில் தேடப்படுவதும் அப்பெயரே. உரிமையைத் தராத பதிவேடுதான் உரிமையின் பயன்களைத் தீர்மானிக்கிறது என்பதே இதிலுள்ள முரண்பாடு.

நிறைவேறாத இலக்கு

உரிமைக்கு அரசே உத்தரவாதம் அளிக்கும் முறையை இலக்காகக் கொண்டு, மத்திய அரசு 2008-ல் நில ஆவண நவீனமயமாக்கல் திட்டத்தைத் தொடங்கியது. நிலம் மாநிலப் பட்டியலில் உள்ளதால், மாநிலங்கள் சட்டமியற்றினால்தான் அந்த இலக்கு நிறைவேறும். ராஜஸ்தான் 2016-ல் நகர்ப்புற நிலங்களுக்குச் சட்டம் கொண்டுவந்தது. ஆந்திரத்தின் சட்டம் 2024 தேர்தலில் பெரும் சர்ச்சையாகி, ஆட்சி மாறியதும் ரத்தானது. பதிவேடுகளைக் கணினியில் ஏற்றுவது வேலையை விரைவாக்கும். ஆனால், இறந்தவரின் பெயர் கணினியிலும் இறந்தவரின் பெயராகவே இருக்கும்.

எனவே, முன்பணம் கொடுக்கும் முன்பே பதிவேட்டில் உள்ள பெயர் யாருடையது, அவருடைய வாரிசுகள் எத்தனை பேர், அனைவரும் கையொப்பமிடுகிறார்களா, வழக்கு ஏதும் நிலுவையில் உள்ளதா என்பவற்றை விசாரித்து அறிவதே வாங்குபவருக்கு இப்போதுள்ள பாதுகாப்பு.