கதவில் ஒட்டிய காகிதம்

வீட்டுக் கதவில் ஒரு காகிதம் ஒட்டப்பட்டிருக்கிறது. மலாய் மொழியில் அச்சடித்தது. நீதிமன்ற முத்திரையும் இருக்கிறது. பாதியைப் பிள்ளைகள் கிழித்துவிட்டார்கள். நீங்களும், "நம் பெயர்தான் அதில் இல்லையே!" என்று அடுப்பு மூட்டப் போய்விட்டீர்கள். அன்பர்களே, வீடு கைவிட்டுப் போவதற்கு இது ஒன்றே போதும்.

தோட்டங்கள் துண்டாடப்பட்ட 1950, 60-ஆம் ஆண்டுகளில் லயத்தை விட்டு வெளியேறிய நம்மவர் பலர், ஆற்றோரம், ரயில் பாதையோரம், பட்டணத்து விளிம்பு என்று கிடைத்த இடத்தில் பலகையும் தகரமும் கொண்டு குடியேறினார்கள். மரவள்ளி நட்டார்கள், மாடு கட்டினார்கள், கோயில் எழுப்பினார்கள். "முப்பது வருஷம் இருந்தாச்சு, இனி யார் நம்மை அசைப்பது?" என்ற பேச்சு அங்கிருந்து வந்ததுதான். இந்தியச் சட்டத்தில் அப்படி ஒரு வழி உண்டு. இங்கே இல்லை. 1965-இல் வந்த தேசிய நிலச் சட்டத்தின் 48-ஆம் பிரிவு, எத்தனை ஆண்டு குடியிருந்தாலும் அரசு நிலத்தில் உரிமை பிறக்காது என்று அடித்துச் சொல்கிறது. தண்ணீர் பில், மின்சார பில், வீட்டு வரி ரசீது எதுவும் கிராண்ட் ஆகாது. குடியிருந்தவரிடம் காசு கொடுத்து, முத்திரை ஒட்டி எழுதி வாங்கிய காகிதமும் அப்படித்தான். அனுமதியில்லாமல் வீடு கட்டினாலும், வேலி போட்டாலும், மரம் வெட்டினாலும் 425-ஆம் பிரிவின்படி குற்றம். 2016-ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, 5 லட்சம் வெள்ளி வரை அபராதமோ 5 ஆண்டு வரை சிறையோ இரண்டுமோ விதிக்கலாம்.

பேராக்கில் காட்டை வெட்டிப் பயிரிட்ட 462 பேர், நிலம் தருவதாக வாக்குக் கொடுத்தார்களே என்று மாநில அரசு மீது வழக்குப் போட்டார்கள். 1982-இல் கூட்டரசு நீதிமன்றம் அவர்களுக்கு உரிமை இல்லை என்றது. பினாங்கில் கம்போங் புவா பாலா கதை உங்களுக்குத் தெரியும். பிரௌன் குடும்பத்தின் தோட்டத்தில் உழைத்தவர்களின் பேரப்பிள்ளைகள், மாடு வளர்த்துப் பால் விற்றவர்கள். நிலம் மாநில அரசிடமிருந்து அரசு அதிகாரிகளின் கூட்டுறவுச் சங்கத்துக்குப் போனது. வழக்கு மேல் நீதிமன்றம் வரை சென்றும் தோற்றது. 2009-இல் வீடுகள் இடிக்கப்பட்டன. ஒப்பந்தத்துக்கு இணங்கிய குடும்பங்களுக்கு மாற்று வீடு என்ற ஏற்பாடு இருந்தது. இறுதிவரை எதிர்த்து நின்றவர்களும் இருந்தார்கள். யார் செய்தது சரி என்று வெளியில் இருந்து சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

அப்படியானால் வாயே திறக்க முடியாதா? முடியும். 1991-இல் சிலாங்கூர் நில இலாகாவை எதிர்த்த வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு வேறுபாட்டைக் காட்டியது. தானாக நுழைந்தவர் வேறு, அதிகாரிகளின் சம்மதத்தோடு குடியிருந்தவர் வேறு. பின்னவரை அவசர விசாரணையில் வெளியேற்றிவிடக் கூடாது, சாட்சிகளோடு முழு விசாரணை வேண்டும் என்றது. ஆகவே பழைய கடிதங்களைப் பத்திரப்படுத்துங்கள். நில அலுவலகம் கொடுத்தது, பெங்குலு கையெழுத்திட்டது, எதுவானாலும் சரி, தகரப் பெட்டியில் இருக்கட்டும்.

'டி.ஓ.எல்.' என்ற தற்காலிக உரிமம் வைத்திருப்பவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். அது டிசம்பர் 31-உடன் முடிந்துவிடும். மறுபடியும் பணம் கட்டிப் புதுப்பிக்க வேண்டும். இன்னொருவருக்கு மாற்ற முடியாது. அப்பா பெயரில் இருந்தால் அவர் இறந்ததும் அதுவும் முடிகிறது! பிள்ளைகளுக்குப் போய்ச் சேராது. துக்கம் விசாரிக்க வருகிறவர்கள் இதைச் சொல்ல மாட்டார்கள். காரியம் முடிந்ததும் நில அலுவலகம் போய் உங்கள் பெயரில் புதிதாக விண்ணப்பியுங்கள்.

மீண்டும் அந்தக் கதவுக்கு வருவோம். குடியிருப்பவர் பெயர் தெரியாவிட்டால் பெயரில்லாமலே சம்மன் எடுக்கவும், அதைக் கதவில் ஒட்டிப் போகவும் நீதிமன்ற விதி இடம் தருகிறது. ஒட்டினாலே கொடுத்ததாகக் கணக்கு. தவணை நாள் குறுகியது. ஆனால் அதே விதியின்படி, பெயர் இல்லாத குடியிருப்பாளரும் 'என்னையும் வழக்கில் சேருங்கள்' என்று மனுப் போடலாம். காகிதத்தைக் கிழியாமல் எடுத்து, தேதியைக் குறித்துக்கொண்டு, அன்றைக்கே ஒரு வழக்கறிஞரையோ சட்ட உதவி மையத்தையோ பாருங்கள். வேலைக்குப் போக வேண்டுமென்றால் அம்மாவை அனுப்புங்கள். அடையாள அட்டையையும் அந்தத் தகரப் பெட்டியையும் கையோடு கொண்டு போகட்டும்.