ஸ்டெல்லஃபேன்: தொழிலாளர் எழுப்பிய விண்மீன் கோயில்

அமெரிக்காவின் வெர்மான்ட் மாநிலத்தில், ஸ்பிரிங்ஃபீல்டு நகரை அடுத்த பிரீஸி ஹில் என்னும் குன்றின்மேல் அமைந்துள்ள ஸ்டெல்லஃபேன், அரசோ பல்கலைக்கழகமோ நிறுவாமல், வானியல் ஆர்வலர்கள் தாமே எழுப்பித் தாமே பேணிவரும் வான்நோக்ககமாகும். விண்மீன்களின் கோயில் என்று பொருள்படும் லத்தீன் சொற்களால் அமைந்த இப்பெயர், 1924ஆம் ஆண்டில் அங்கு எழுந்த இளஞ்சிவப்பு வண்ணச் சங்கக் கட்டடத்துக்கு இடப்பட்டு, நாளடைவில் குன்று முழுவதற்கும் உரியதாயிற்று.

இத்தகைய முயற்சி ஒரு சிறிய தொழில்நகரில் வேர்கொண்டதற்குக் காரணம் அந்நகரின் தொழிலே ஆகும். பிற இயந்திரங்களை உருவாக்கப் பயன்படும் கடைசல் இயந்திரம் முதலியவற்றைச் செய்த ஜோன்ஸ் அண்ட் லாம்சன் நிறுவனத்துக்குத் தலைமை வகித்தவரும், பின்னர் அம்மாநில ஆளுநராக விளங்கியவருமான ஜேம்ஸ் ஹார்ட்னஸ், வானியலில் ஈடுபாடு மிக்கவர். அங்குப் பணிக்கு வந்த ரஸ்ஸல் போர்ட்டர், திருகுமரையின் நிழலைத் திரையில் பெரிதாக்கிக் காட்டி அதன் பிழையை அளக்கும் ஒளியியல் கருவியை ஹார்ட்னஸுடன் சேர்ந்து உருவாக்கியவர். துருவப் பயணங்களில் பங்கேற்றவரும் கட்டடக்கலை பயின்றவருமான அவர், 1920இல் தொழிலாளர்களுக்குத் தொலைநோக்கி செய்யக் கற்றுக்கொடுக்கத் தொடங்கினார். அவ்வகுப்பிலிருந்தே 1923இல் ஸ்பிரிங்ஃபீல்டு தொலைநோக்கி செய்வோர் சங்கம் பிறந்தது.

அவர்கள் கற்ற கலை, கருவிகளில் எளியது, பொறுமையில் கடியது. இரண்டு கண்ணாடி வட்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து, இடையே கார்போரண்டம் என்னும் உராய்தூளையும் நீரையும் இட்டு முன்னும் பின்னுமாகத் தேய்த்தால், மேல்வட்டின் நடுப்பகுதியும் கீழ்வட்டின் விளிம்பும் மிகுதியாகத் தேய்வதால், மேலது குழியாடியாகவும் கீழது குவிந்த வடிவிலும் உருப்பெறும். பிறகு தாரைப் போன்ற கெட்டிப் பிசின் பரப்பிய தட்டின்மேல் இரும்பு ஆக்சைடு பொடியைக் கொண்டு மெருகேற்றி, ஒளிக்கதிர்கள் ஒரே புள்ளியில் குவியும் பரவளைய வடிவத்துக்கு ஆடியைக் கொண்டுவர வேண்டும். ஆடியிலிருந்து மீளும் ஒளியை ஒரு கத்தி விளிம்பால் மறைத்துப் பார்க்கும் ஃபூக்கோ சோதனையில், ஒளியலையின் நீளத்தில் ஒரு சிறு பங்கே உள்ள மேடுபள்ளமும் நிழலாகப் புலப்படும். நுண்ணளவே பிழைப்பாகக் கொண்ட தொழிலாளர்களுக்கு இந்தச் சோதனையின் நியாயம் அயலானதன்று.

விலைகொடுத்து வாங்க இயலாத கருவியை எவரும் செய்துகொள்ளலாம் என்ற செய்தியை 1925இல் சயன்டிஃபிக் அமெரிக்கன் இதழில் ஆல்பர்ட் இங்கால்ஸ் எழுதிப் பரப்பியதால், நாடெங்கும் பலர் கண்ணாடி தேய்க்கத் தொடங்கினர். அடுத்த ஆண்டே குன்றில் முதல் மாநாடு கூடியது. 1930இல் நிறைவுற்ற போர்ட்டரின் கோபுரத் தொலைநோக்கி, வெளியிலுள்ள தட்டையாடியும் 12 அங்குலக் குழியாடியும் ஒளியைக் குவித்து உள்ளே அனுப்ப, வெர்மான்டின் கடுங்குளிரிலும் நோக்குபவர் கதகதப்பான அறைக்குள் இருந்தே வானைக் காணும்படி அமைந்தது. போர்ட்டரோ அதற்கு முன்பே, 1928இல், பலோமார் மலையின் 200 அங்குலத் தொலைநோக்கியை வடிவமைக்கும் பணிக்காகக் கலிஃபோர்னியாவுக்கு அழைக்கப்பட்டிருந்தார்.

1989இல் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவிக்கப்பட்ட ஸ்டெல்லஃபேன், பழம்பொருளாக உறைந்துவிடவில்லை. அங்குக் கூடும் மாநாட்டில், ஆர்வலர்கள் தம் கையால் செய்து கொணரும் தொலைநோக்கிகள் இன்றும் போட்டிக்கு வைக்கப்படுகின்றன. ஆடியின் ஒளித்திறனுக்கும் இயந்திர அமைப்பின் நேர்த்திக்கும் அங்கே தனித்தனியே பரிசு உண்டு.