மரியாதை என்றால் என்ன?

"மரியாதையாப் பேசு", "அவனுக்கு மரியாதை தெரியாது" என்று லயத்திலும் மலையிலும் தினமும் சொல்கிறோம். இந்தச் சொல்லின் பொருளைக் கொஞ்சம் பார்ப்போம்.

மரியாதை வடமொழியிலிருந்து வந்த சொல். அங்கே 'மர்யாதா' என்றால் எல்லை, கரை, வரம்பு. கடலுக்குக் கரை இருப்பது போல மனுசனுடைய பேச்சுக்கும் நடத்தைக்கும் ஒரு கரை உண்டு. அதைத் தாண்டாமல் நடப்பதே மரியாதை.

1977 கலவரத்துக்குப் பிறகு மலைநாட்டிலிருந்து கிளிநொச்சி, வவுனியாப் பக்கம் போய்க் குடியேறிய நம்ம சனத்துக்கு இது சட்டென்று விளங்கும். அக்கராயன் குளத்துக்குக் கட்டு இருந்தால்தான் வயலுக்குத் தண்ணீர். கட்டு உடைந்தால் அதே தண்ணீர் பயிரை அழித்துவிடும். வாய்ப்பேச்சும் அப்படித்தான்.

நாம் ஒருவரைப் பார்த்து 'நீங்க' என்கிறோம். அது உண்மையில் பலரைக் குறிக்கும் சொல். ஒருவரை உயர்த்திச் சொல்ல இப்படிப் பன்மையில் பேசும் வழக்கத்தைத் தொல்காப்பியமே சொல்கிறது. ஆக இது நேற்று வந்த பழக்கம் இல்லை. வடக்கில் 'நீ'க்கும் 'நீங்கள்' என்பதற்கும் நடுவில் 'நீர்' என்று ஒன்று உண்டு. அங்கே உறவுக்குப் போனவர்கள் "நீர் எப்ப வந்தனீர்?" என்று கேட்டால் கோபப்பட வேண்டாம். சமமானவரிடம் அப்படிப் பேசுவது அவர்கள் வழக்கம்.

இன்னொன்றும் யோசிக்க வேண்டும். அந்தக் காலத்தில் தொரையைக் கண்டால் துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஒதுங்கி நின்றார்கள். அது பயம், மரியாதை வேறு. வரம்பு என்பது இரண்டு வயலுக்கும் பொது. கொழுந்து நிறுக்கும்போது கணக்குப் பிழை என்று பட்டால், "ஐயா, இன்னொரு தரம் நிறுத்துப் பாருங்க" என்று கேட்பது மரியாதைக் குறைவு ஆகாது. வயதில் மூத்த அம்மாவை "ஏய், வாடி" என்று கூப்பிடுவதுதான் வரம்பு மீறல், கூப்பிடுகிறவர் எந்த உத்தியோகத்தில் இருந்தாலும் சரி. 'தோட்டக்காட்டான்' என்று நம்மை ஏளனமாகச் சொல்வதும் அதே மீறல்தான்.

வீட்டிலும் இதே கணக்குத்தான். சம்சாரத்தை நாலு பேர் முன்னால் ஏசிவிட்டு, பிள்ளைக்கு மட்டும் மரியாதை சொல்லிக் கொடுக்க முடியாது. பிள்ளைகள் நாம் சொல்வதை விட்டுவிடும், நாம் பேசுவதைப் பிடித்துக்கொள்ளும்.